ஐம்பது வீடுகள்

வீடு மாற்றுவதற்காக நேற்று பீரோவைக் காலி செய்தேன். புடவைகளை எடுத்த பிறகு, தட்டில் விரித்திருந்த பழைய செய்தித்தாளுக்குக் கீழே உன் நோட்டு கிடந்தது. கோடு போடாத நாற்பது பக்க நோட்டு. அட்டையில் சின்ன வெங்காயச் சருகு ஒன்று ஒட்டிக் காய்ந்து போயிருந்தது. பிரித்தால் பக்கம் பக்கமாக ஒ, இ, ஒ, இ என்று இரண்டே எழுத்துகள். வேறு யார் பார்த்தாலும் ஒன்றாம் வகுப்புப் பிள்ளை எழுதிப் பழகியது என்றுதான் நினைப்பார்கள். ஆனால் 'ஒ'வின் சுழியை அப்படி உருட்டி எழுத உன்னால்தான் முடியும். தமிழ் டீச்சர் கை.

நோட்டை மடியில் வைத்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்துவிட்டேன். "அம்மா, இந்தப் பொட்டியக் கட்டிடவா?" என்று மகள் வந்து கேட்டாள். "நீ மத்தத கட்டு, வரேன்" என்றேன். போகவில்லை. இதை எழுத ஆரம்பித்துவிட்டேன்.

வருகிற ஐப்பசியோடு நீ போய் ஒரு வருடம்.

தொண்ணூற்றாறில் நீ எங்கள் பள்ளிக்கு வந்தாய். பெரம்பலூரில் அந்தப் பெண்கள் பள்ளியில் அப்போது நான் நான்கு வருடம் பழையவள். மேல்நிலை வகுப்புகளுக்குக் கணக்கு எடுத்துக்கொண்டிருந்தேன். என் மேசைக்கு அடுத்த மேசையை உனக்குக் கொடுத்தார்கள். எனக்கு லப்பைக்குடிகாட்டு பஸ், உனக்குக் குரும்பலூர் பஸ். பெரும்பாலும் உன் பஸ்தான் முன்னால் வரும். எனக்காகப் பள்ளி வாசலில் நிற்பாய்.

வந்த மாதமே என் காலாண்டு வினாத்தாளை வாங்கிப் படித்துவிட்டு என்னைப் பிடித்துக்கொண்டாய். "டீச்சர், ஒரே வாக்கியத்துல மூணு 'எனில்' போட்டிருக்கீங்க. இதுல புள்ள எந்த எனில்ல போயி நிக்கும்?" எனக்குக் கோபம் வந்தது. கணக்கு டீச்சருக்குத் தமிழ் டீச்சர் பாடம் எடுப்பதா என்று வீட்டுக்குப் போகும் வரை பொருமினேன். மறுநாள் காலையில் அந்த வினாவை இரண்டு வாக்கியமாக உடைத்து எழுதி உன்னிடம் நீட்டினேன். "இப்ப எனக்கே வெளங்குது" என்று சிரித்தாய். அதன் பிறகு பத்து வருடம், உன் கண்ணில் படாமல் என் வினாத்தாள் எதுவும் அச்சுக்குப் போகவில்லை.

தொண்ணூற்றெட்டில் கயல் பிறந்தாள். ஒன்பதாம் மாதம் வரைக்கும் கொழுகொழுவென்றிருந்த பிள்ளை வெளுத்துக்கொண்டே வந்தது. பால் குடிக்கவில்லை, வயிறு உப்பியது. திருச்சி பெரியாஸ்பத்திரியில் பெயர் சொன்னார்கள்: தலசீமியா. அந்த உடம்பு நல்ல ரத்தத்தைத் தானாக உண்டாக்கிக்கொள்ளாது. நாலு வாரத்துக்கு ஒரு முறை அடுத்தவர் ரத்தத்தை ஏற்றிக்கொண்டே இருக்க வேண்டும். ஆயுள் முழுக்க.

நீயும் உன் அத்தை மகனும் கல்யாணம் செய்துகொண்டவர்கள். இரண்டு பேர் உடம்பிலும் பாதிக் குறை ஒளிந்திருந்தது. உங்களை அது ஒன்றும் செய்யவில்லை; இரண்டும் ஒரே பிள்ளையிடம் போய்ச் சேர்ந்தால்தான் நோய். "நாலுல ஒண்ணு இப்படி வரும்" என்று டாக்டர் சொன்னார். அந்த நாலு சொல்லை எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தீர்கள்.

மூன்று வருடம் நீ ரத்தம் ஏற்றும் ஒரு நாளைக்கூடத் தவற விட்டதில்லை. செவ்வாய்க்கிழமை விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டு, விடிந்ததும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு திருச்சி பஸ் ஏறுவாய். புதன்கிழமை ஒன்றும் நடக்காதவள்போல வந்து புறநானூறு நடத்துவாய். இரண்டாயிரத்து ஒன்றில் ஒரு மதியம், சாப்பாட்டு டப்பாவை மூடிக்கொண்டே மெதுவாகச் சொன்னாய்:

"வூட்டுல இன்னொரு புள்ள பெத்துக்கச் சொல்றாங்க டீச்சர். எனக்கும் ஆசதான். பயமா இருக்கு."

அன்றைக்கு நான் சொன்னதை இன்று எழுதவே கை கூசுகிறது.

"பயப்படாத. நாலுல ஒண்ணுதானே? அந்த ஒண்ணு வந்துட்டுது. இனி மூணும் நல்லதாத்தான் இருக்கும், இன்ஷா அல்லாஹ்."

நான் கணக்கு டீச்சர். சொன்னது கணக்கு டீச்சர் என்பதால் நீ நம்பினாய். உன் முகம் மலர்ந்ததை இப்போதும் பார்க்கிறேன். அன்று மாலை கடைத்தெருவில் கால் கிலோ மிக்சர் வாங்கிக்கொண்டு போனாய். 'கணக்கு டீச்சரே சொல்லிட்டாங்க' என்று வீட்டில் எல்லோருக்கும் சொல்லியிருக்கிறாய்.

மூன்று வாரம் கழித்து எனக்குக் காய்ச்சல் வந்து இரண்டு நாள் படுத்துவிட்டேன். என் பதினோராம் வகுப்பைப் பார்த்துக்கொள்ள உன்னை அனுப்பினார்கள். பிள்ளைகளை நோட்டைத் திறந்து படிக்கச் சொல்லிவிட்டு நீ உட்கார்ந்திருந்தாய். முன் பெஞ்சுப் பெண் வாய்விட்டுப் படித்த பகடைக் கணக்கு உன் காதில் விழுந்தது.

மூன்றாம் நாள் நான் வந்து உட்கார்ந்ததும் கேட்டாய்.

"டீச்சர், ஒரு சந்தேகம். பகடையில மொதத் தடவை ஆறு விழுந்துட்டுது. ரெண்டாந்தடவையும் ஆறு விழ எவ்வளவு வாய்ப்பு?"

"ஆறுல ஒண்ணு."

"ஏற்கெனவே விழுந்துட்டதால கொறையாதா?"

"கொறையாது. மொத வீச்சு வேற, ரெண்டாவது வேற. ஒண்ணு விழுந்தது இன்னொண்ணுக்குத் தெரியாது. சார்பிலா நிகழ்ச்சின்னு பேரு..."

என் வாய் அங்கேயே நின்றுவிட்டது. நீ என்னையே பார்த்துக்கொண்டிருந்தாய். குரலை உயர்த்தவில்லை.

"அப்ப என் புள்ள விஷயத்துல மட்டும் எப்படி டீச்சர் கொறஞ்சுது?"

அழுதேன். ஆசிரியர் அறையில் இருந்தவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். நீ நாற்காலியை இழுத்து, அவர்களுக்கு என் முகம் தெரியாதபடி மறைத்து உட்கார்ந்துகொண்டாய்.

"என்மேல இருக்கிற பாசத்துல சொன்னீங்க. தெரியாதா எனக்கு? பாசத்தோட பேச எங்க வூட்டுல நெறய பேர் இருக்காங்க. கணக்குச் சொல்ல நீங்க ஒருத்தர்தான் இருக்கீங்க. அழுவாதீங்க. இப்ப ஒழுங்காச் சொல்லிக்குடுங்க."

வேறு ஒருத்தியாக இருந்தால் என்னோடு பேசுவதையே விட்டிருப்பாள். நீ பாடம் கேட்டாய்.

மறுநாள், சவூதியிலிருந்து என் வீட்டுக்காரர் பிள்ளைகளுக்கு அனுப்பியிருந்த லூடோ பெட்டியிலிருந்து இரண்டு பகடைகளை எடுத்து வந்தேன். சிவப்பு கயலின் அப்பா, வெள்ளை நீ. "உங்க ரெண்டு பேர்கிட்டயும் பாதி நல்லது, பாதி பழுது. புள்ளைக்கு அதுல ஒண்ணுதான் போவும். ஒற்றைப்படை விழுந்தா பழுது போச்சுன்னு வச்சுக்க, இரட்டைப்படை விழுந்தா நல்லது" என்றேன். சிவப்பில் ஒற்றை விழ இரண்டில் ஒன்று. வெள்ளையில் ஒற்றை விழவும் இரண்டில் ஒன்று. சிவப்பு என்ன விழுந்தது என்று வெள்ளைக்குத் தெரியாது. அதனால் இரண்டையும் பெருக்க வேண்டும், நாலில் ஒன்று.

"எதுக்குப் பெருக்கணும்? கூட்டக் கூடாதா?" என்று கேட்டாய். இன்று வரை பதினைந்து வருடத்தில் எந்த மாணவியும் என்னிடம் கேட்காத கேள்வி. முப்பத்தாறு கட்டம் போட்டுக் காட்டினேன். சிவப்பின் ஒற்றை மூன்று, அந்த ஒவ்வொன்றோடும் வெள்ளையின் ஒற்றை மூன்று, ஆக ஒன்பது. முப்பத்தாறில் ஒன்பது. நீ விரலால் ஒவ்வொரு கட்டமாகத் தொட்டு எண்ணினாய். "பாதியில பாதி. அதான் பெருக்கறோம்" என்று உனக்கு நீயே சொல்லிக்கொண்டாய். 'பாதியில் பாதி' என்று எந்தப் புத்தகத்திலும் இல்லை. இப்போது என் வகுப்பில் நான் அப்படித்தான் சொல்கிறேன்.

அதோடு முடிந்தது என்று நினைத்தேன். உனக்குப் போதவில்லை. வீசிப் பார்க்க வேண்டும் என்றாய். ஒரு வாரம், மதிய இடைவேளையில், நூலக அறையில். மேசையில் உருட்டினால் தலைமையாசிரியைக்குக் கேட்கும் என்று உன் கைக்குட்டையை விரித்தோம். நான் வீசுவேன், நீ எழுதுவாய். ஒற்றைக்கு ஒ, இரட்டைக்கு இ. ஒ இ. இ இ. ஒ ஒ. இருநூறு வீச்சு.

முடிந்ததும் நான் 'ஒ ஒ' எத்தனை என்று எண்ணப் போனேன். நீ தடுத்தாய். சிவப்புப் பேனாவை எடுத்து நாலு நாலு வீச்சுக்கு ஒரு கோடு இழுத்துக்கொண்டே போனாய்.

"என்ன பண்ற?"

"ஒவ்வொரு நாலும் ஒரு வூடு டீச்சர். ஒரு வூட்டுக்கு நாலு புள்ள. இப்ப அம்பது வூடு இருக்கு. ஒவ்வொரு வூட்டுலயும் போயிப் பாப்போம்."

போய்ப் பார்த்தோம். பதினேழு வீட்டில் நோய்ப் பிள்ளையே இல்லை. இருபத்தொரு வீட்டில் ஒன்று. பத்து வீட்டில் இரண்டு. இரண்டு வீட்டில் நாலில் மூன்று பிள்ளைகள். மொத்தமாக எண்ணினால் நாற்பத்தேழு, கிட்டத்தட்ட நாலில் ஒன்று. கணக்கு சரியாகத்தான் இருந்தது. ஆனால் 'ஒன்று வந்துவிட்டது, இனி மூன்றும் நல்லது' என்ற என் வாக்கு அந்த ஐம்பது வீட்டில் இருபத்தொன்றுக்குத்தான் பொருந்தியது.

மூன்று நோய்ப் பிள்ளைகள் இருந்த வீடு ஒன்றின்மேல் நீ விரலை வைத்தாய். நெடுநேரம் எடுக்கவில்லை. "இந்த வூட்டம்மாவ நெனச்சுப் பாருங்க டீச்சர்" என்றாய்.

நிகழ்தகவில் நான் முதல் வகுப்பில் தேறியவள். என் இருநூறு வீச்சுக்குள் வீடுகள் இருக்கின்றன, அந்த வீடுகளில் அம்மாக்கள் இருக்கிறார்கள் என்று எனக்குத் தோன்றியதே இல்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை என்னைக் குரும்பலூருக்கு அழைத்துப் போனாய். நான் சொன்ன தப்பை நானே வந்து திருத்த வேண்டும் என்று நான்தான் கேட்டுக்கொண்டேன். உன் வீட்டுக் கூடத்தில் சின்ன வெங்காயம் குவிந்து கிடந்தது. உன் மாமனார் வெங்காயத்தின் காய்ந்த தாளை அறுத்துக்கொண்டிருந்தார். கயல் சருகுகளை ஊதி விளையாடிக்கொண்டிருந்தாள். உன் வீட்டுக்காரர் அரியலூர் சிமெண்ட் ஆலையில் இரவு ஷிப்ட் முடித்து வந்து, தூங்காமல் உட்கார்ந்திருந்தார்.

நான் சொன்னது தவறு என்றேன். மாமனார் நம்பவில்லை.

"அதெப்படிம்மா? மூணு வருஷம் மழ பொய்ச்சா நாலாவது வருஷம் பேஞ்சுதான ஆவணும்?"

நீ வெங்காயத்தை ஒதுக்கிவிட்டு ஒரு முறத்தை அவர் முன்னால் வைத்தாய்.

"மாமா, மூணு வருஷம் பொய்ச்சு, நாலாவது வருஷமும் பொய்ச்சு, மாட்ட வித்துட்டுத் திருப்பூருக்குப் போன கதைய நீங்கதான எனக்குச் சொன்னீங்க?"

அவர் அரிவாளைக் கீழே வைத்தார். பகடையை அவர் கையில் கொடுத்தாய். முறத்தில் உருட்டினார். இருபது வீச்சுக்குள் ஓர் இடத்தில் 'ஒ ஒ' அடுத்தடுத்து இரண்டு முறை விழுந்தது. அவர் முறத்தைக் குனிந்து பார்த்துக்கொண்டே இருந்தார்.

"அப்ப முன்னாடி விழுந்தது இதுக்குத் தெரியவே தெரியாதா?"

"தெரியாது மாமா."

"ஒவ்வொரு தடவையும் நாலுல ஒண்ணுதானா?"

"ஒவ்வொரு தடவையும்."

உன் வீட்டுக்காரர் எழுந்து கயலைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு வாசலுக்குப் போய்விட்டார். உன் அத்தை மட்டும் "கடவுள் குடுக்கறத கட்டையப் போட்டா பாப்பாங்க?" என்றார். நீ என்னைப் பார்த்தாய். நான் சொன்னேன்: "விழுறது இறைவன் நாட்டம், அம்மா. எத்தனை பக்கம் இருக்குன்னு எண்ணிக்கிறது நம்ம வேல." அன்றைக்கு நான் பேசியதில் உனக்குப் பிடித்தது அது ஒன்றுதான் என்று பிறகு சொன்னாய்.

பயந்து நீ நின்றுவிடுவாய் என்று நினைத்தேன். நீ நிற்கவில்லை. கண்ணைத் திறந்துகொண்டு போவது வேறு, மூடிக்கொண்டு போவது வேறு என்றாய். கருவிலேயே சோதித்துப் பார்க்கும் வசதி வேலூரில் இருக்கிறது என்று திருச்சி டாக்டரிடம் கேட்டுத் தெரிந்துகொண்டாய். மறுவருடம் நீ உண்டாகியிருந்த பதினோராவது வாரத்தில் உன்னோடும் உன் வீட்டுக்காரரோடும் நானும் வந்தேன். விழுப்புரத்தில் பஸ் மாறினோம். ஜன்னல் பக்கம் உட்கார்ந்திருந்த நீ திடீரென்று என் கையைப் பிடித்தாய்.

"நோய்னு வந்தா வேணாம்னு சொல்லிடுவேன் டீச்சர். கயலுக்கு ஊசி குத்தும்போது அவ என்னைப் பாக்கற பார்வைய இன்னொரு புள்ளகிட்ட என்னால பாக்க முடியாது. உங்க மார்க்கத்துல அது தப்புன்னா மன்னிச்சுக்கங்க."

"மன்னிக்க நான் யாரும்மா?" என்றேன்.

முடிவு வர பத்து நாள் ஆயிற்று. அந்தப் பத்து நாளும் நீ வகுப்புக்கு வந்தாய். ஒரு நாள்கூட என்னிடம் "என்ன வரும் டீச்சர்?" என்று கேட்கவில்லை. கேட்டிருந்தால் நான் மறுபடியும் பொய் சொல்லியிருப்பேன். அது உனக்குத் தெரிந்திருக்கும்.

பள்ளி அலுவலகத்துக்குத்தான் போன் வந்தது. பேசிவிட்டு வெளியே வந்து தூணைப் பிடித்துக்கொண்டு நின்றாய். "ஒ இ" என்றாய். எனக்கு ஒரு நொடி புரியவில்லை. "ஒ இ விழுந்திருக்கு டீச்சர். என்னைய மாதிரிதான். நோய் இல்ல." அதன் பிறகுதான் நீ அழுதாய். கயலின் நோய் தெரிந்த நான்கு வருடத்தில் நீ அழுது நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

கயலின் தம்பி பிறந்த பதினாறாம் நாள் உன் அத்தை ஊருக்கே சொன்னார்: "நான் அப்பவே சொன்னேன்ல, ஒண்ணு வந்துட்டா இனிமே வராதுன்னு!" எனக்குச் சுருக்கென்றது. நீ பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு, "இல்ல அத்த. ஒ ஒ விழுந்திருந்தாலும் கணக்கு இதேதான். விழாததால நீங்க சொன்னது சரின்னு ஆயிடாது" என்றாய். சந்தோஷத்தின் நடுவிலும் அதை விட்டுக்கொடுக்கவில்லையே நீ! நான் தலைகுனிந்து பாயசம் குடித்தேன்.

பிறகு நீ செய்ததை நான் ஒரு செவ்வாய்க்கிழமை உன்னோடு திருச்சிக்கு வந்தபோதுதான் பார்த்தேன். ரத்தம் ஏற்றும் வார்டில் அம்மாக்கள் உனக்காகக் காத்திருந்தார்கள். கங்கைகொண்ட சோழபுரம் பக்கம் முந்திரிக் காட்டில் வேலை செய்கிற ஒரு புருஷனும் பெண்டாட்டியும், ஒரு வயதுப் பிள்ளையோடு புதிதாக வந்திருந்தார்கள். "அடுத்தது நல்லா பொறக்கும்ல அக்கா?" என்று அந்தப் பெண் கேட்டாள். நீ அவள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து துண்டை விரித்தாய். சிவப்பை அவள் புருஷன் கையிலும் வெள்ளையை அவள் கையிலும் கொடுத்தாய். கடைசியில் அவள், "நான் என்ன பண்ணட்டும், நீங்களே சொல்லுங்க" என்று உன் கையைப் பிடித்தாள்.

"அத நான் சொல்ல மாட்டேன். அது உன் வூடு. எத்தனைக்கு எத்தனைன்னு மட்டுந்தான் எனக்குச் சொல்லத் தெரியும். வேலூருக்குப் போவணும்னா சொல்லு, கூட வரேன்."

மூன்று குடும்பத்தோடு நீ வேலூருக்குப் போய் வந்திருக்கிறாய். இரண்டு முறை நல்ல செய்தியோடு. ஒரு முறை இல்லை. அந்த மூன்றாவது பெண்ணோடு நீ நான்கு நாள் தங்கிவிட்டு வந்தாய். அதைப் பற்றி என்னிடம் கடைசி வரை ஒன்றும் சொல்லவில்லை.

போன ஐப்பசியில் ஒரு வெள்ளிக்கிழமை, பள்ளி விட்டுப் போன நீ தலை வலிக்கிறது என்று படுத்தாய். மூளையில் ரத்தக் குழாய் வெடித்துவிட்டது என்றார்கள். முப்பத்தாறு வயது. நான் வந்தபோது உன் மாமனார் என் கையைப் பிடித்துக்கொண்டு கதறினார்: "எங்க வூட்டுக்குத்தான் ஏற்கெனவே ஒண்ணு வந்துட்டுதேம்மா! இன்னும் எப்படிம்மா வரும்?"

முறத்தில் பகடை உருட்டியவர் அவர். பதினைந்து வருடம் பாடம் நடத்தியவள் நான். அந்த நேரத்தில் எனக்கும் அவர் கேட்டதுதான் நியாயமாகப் பட்டது. ஒரு வீட்டுக்கு ஒரு துயரம் போதும் என்று யாராவது பார்த்துக்கொண்டிருக்க வேண்டாமா? பல நாள் உன்மேலேயே கோபமாக இருந்தேன். இப்படி ஒரு பாடத்தை ஏன் என்னிடம் கேட்டு, எனக்கே சொல்லிக்கொடுத்துவிட்டுப் போனாய் என்று.

இப்போது உன் வீட்டுக்காரருக்கு ஷிப்ட் ஒத்துவராத செவ்வாய்க்கிழமைகளில் நான் கயலைத் திருச்சிக்கு அழைத்துப் போகிறேன். ஒன்பது வயதில் உன்னைப்போலவே பேசுகிறாள். நான் 'தக்காளி'யைத் 'தக்காலி' என்று சொல்வதைக்கூடத் திருத்துகிறாள். குத்திக் குத்தி அவள் நரம்புகள் உள்ளே போய்விட்டன. போன வாரம் புதிதாக வந்த நர்ஸ் இரண்டு முறை தேடியும் கிடைக்கவில்லை. மூன்றாவது தடவை ஊசியை எடுத்துக்கொண்டு, "ரெண்டு தடவ ஆயிட்டுதுல, இந்தத் தடவ கெடச்சிடும் பாப்பா, வலிக்காது" என்றார். நல்ல பெண். பிள்ளைமேல் இருக்கிற இரக்கத்தில் சொன்னார்.

கயல் நர்ஸைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள். "கெடைக்குமா பெரிம்மா?"

தொண்டைவரைக்கும் 'கெடைக்கும்டா கண்ணு' வந்துவிட்டது.

"தெரியல கயலு. கெடச்சாலும் கெடைக்கும், இல்லாட்டியும் இல்ல. வலிக்கும்."

கயல் மறு கையைத் தானே நீட்டினாள்.